சித்தப்பாவும் கோபியேட்டனும் ஒரு சம்பளக் கணக்கும்

மட்டாஞ்சேரி என்றால் எல்லோருக்கும் யூதத் தெருவும் டச்சு அரண்மனையும்தான் ஞாபகம் வரும். எனக்கு சம்பளச் சீட்டு ஞாபகம் வரும். (என்ன செய்வது, இங்கே டொராண்டோவில் எனக்குச் சோறு போடுவதே சம்பளக் கணக்குதான் :-))

எங்க சித்தப்பா திருநெல்வேலிக்காரர். கப்பற்படையில் பதினைந்து வருஷம் இருந்துவிட்டு 1998ல் வெளியே வந்தார். கடைசி போஸ்டிங் கொச்சி. வில்லிங்டன் தீவில் கடற்படைத் தளம், பாலத்தைத் தாண்டினால் மட்டாஞ்சேரி. அப்படியே தங்கிவிட்டார். பட்டாளத்துக்கும் தமிழனுக்கும் அந்தப் பக்கம் பழைய தொடர்பு உண்டு. பக்கத்து ஃபோர்ட் கொச்சி வெளியில் இன்றும் துணி வெளுக்கும் தமிழ் வண்ணார் குடும்பங்கள், டச்சுக்காரன் காலத்தில் சிப்பாய்களின் சட்டை துவைக்க வந்தவர்களின் வாரிசுகள் என்று சொல்வார்கள்.

சித்தப்பாவோடு அதே மாசம், அதே ரேங்கில் வெளியே வந்தவர் கோபியேட்டன் (பெயரை மாற்றியிருக்கிறேன்). இரண்டு பேரும் முன்னாள் படைவீரர் ஒதுக்கீட்டில் கிளார்க் ஆனார்கள். சித்தப்பா ஒரு பொதுத்துறை வங்கியில், கோபியேட்டன் ஒரு மத்திய அரசு அலுவலகத்தில். அன்றிலிருந்து சாயங்கால டீக்கடையில் ஒரே சண்டை: "உனக்கு மட்டும் எப்படிடா அவ்வளவு சம்பளம்?"

விஷயம் இதுதான். மத்திய அரசில் மறுபணிக்கு வரும் ஓய்வூதியர்களுக்கு 1986ல் ஓர் ஆணை போட்டார்கள். அதிகாரி அல்லாத படைவீரர் 55 வயதுக்கு முன் ஓய்வு பெற்றிருந்தால், அவருடைய பென்ஷனைக் கணக்கிலேயே எடுக்க மாட்டார்கள். கேட்க நல்லாத்தான் இருக்கு. ஆனால் புது வேலையில் சம்பளம் அந்தப் பதவியின் ஆரம்பச் சம்பளம்தான். வங்கியில் வேறு கதை. படையில் கடைசியாக வாங்கிய சம்பளமும் பஞ்சப்படியும் குறையாதபடி, வங்கியின் ஸ்கேலுக்குள் மேல் படியில் வைப்பார்கள். பென்ஷன் தனியாக வரும்.

இன்றைய ஸ்கேலில் ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். ஒரு பெட்டி ஆபீசரின் அடிப்படைச் சம்பளம் 34,900 என்று வையுங்கள். ராணுவ சேவைச் சம்பளம் 5,200. ஆக 40,100. பென்ஷன் அதில் பாதி, 20,050. மத்திய அரசில் எல்.டி.சி.யாகச் சேர்ந்தால் ஆரம்பம் 19,900. இரண்டையும் கூட்டினால் 39,950. அதாவது பழைய சம்பளத்துக்கு நூற்றைம்பது ரூபாய் கம்மி! "ஒண்ணும் குறையலையே, அதான் பென்ஷன் இருக்கே" என்பது அரசாங்கத்தின் வாதம்.

நான் சம்பளக் கணக்கு பார்க்கிறவன், எனக்கு இது ஒட்டவில்லை. அந்த 20,050 அவர் வீட்டில் சும்மா உட்கார்ந்திருந்தாலும் வரும். ஏற்கெனவே உழைத்து முடித்ததற்கான கூலி அது. பென்ஷன் யாரும் போடுகிற பிச்சை அல்ல, உரிமை என்று 1982ல் நகரா வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. அப்படியானால் புது நாற்காலியில் செய்கிற வேலைக்கு அவருக்குக் கிடைப்பது 19,900 மட்டும்தான். பக்கத்து நாற்காலியில் நேற்று டிகிரி முடித்து வந்த பிள்ளைக்கும் அதே 19,900. இன்னொன்றையும் பாருங்கள். பொதுத்துறை நிறுவனத்திலிருந்து நேர்முகத் தேர்வு வழியாக மத்திய அரசுக்கு வருபவருக்கு 1989 முதல் சம்பளப் பாதுகாப்பு உண்டு. கம்ப்யூட்டர் தட்டிய அனுபவத்துக்கு மதிப்பு இருக்கிறது, கப்பலில் நின்ற அனுபவத்துக்கு இல்லையா?

கோபியேட்டனுக்குக் கிடைத்த ஒரே ஆறுதல், இவரைப் போன்றவர்களுக்கு 1997 ஜூலை 18 முதல் பென்ஷனுக்கும் அகவிலை நிவாரணம் உண்டு என்று 1999ல் வந்த உத்தரவு. அன்றைக்கு டீ அவர் கணக்கு!

சித்தப்பாவுக்கும் சும்மா கிடைத்துவிடவில்லை. அவரையும் முதலில் ஆரம்பச் சம்பளத்தில்தான் வைத்தார்கள். இப்படி ஒரு விதி இருப்பதே அந்தக் கிளையில் யாருக்கும் தெரியாது. கடைசிச் சம்பளச் சான்றிதழ், டிஸ்சார்ஜ் புத்தகம், பென்ஷன் ஆணை எல்லாவற்றையும் பிளாஸ்டிக் கவரில் போட்டுக்கொண்டு இரண்டு வருஷம் அலைந்தார். சித்தி ஒருநாள், "போதும்ங்க, கிடைச்சத வச்சு ஓட்டலாம்" என்றிருக்கிறார். அரியர்ஸ் வந்தபோது அந்தப் பணத்தில்தான் கூரையை மாற்றினார்கள்.

போன முறை ஊருக்குப் போனபோது பக்கத்து வீட்டுப் பையன் லீவில் வந்திருந்தான். அக்னிவீர், 2022 கடைசியில் சேர்ந்த முதல் பேட்ச். நாலு வருஷம், அதன்பின் நாலில் ஒருவரைத்தான் வைத்துக்கொள்வார்கள். கடைசி வருஷம் மாசம் 40,000, பிடித்தம் போக கையில் 28,000. வெளியே வரும்போது ஒரு தொகை கிடைக்கும், பென்ஷன் கிடையாது. "பென்ஷன்தான் இருக்கே" என்று இவனிடம் எந்த அலுவலகமும் சொல்ல முடியாது. அப்போது அந்த நாலு வருஷத்தை எந்தப் படியில் வைப்பார்கள்?

சித்தப்பா பதில் ஒன்றும் சொல்லவில்லை. உள்ளே போய் அந்தப் பழைய பிளாஸ்டிக் கவரை எடுத்துவந்து, "ஏலே, இந்த மாதிரி ஒண்ணு இப்பவே போட்டு வச்சுக்கோ. ஒவ்வொரு மாசச் சீட்டும் உள்ள இருக்கணும்" என்றார். கோபியேட்டன் சிரித்துக்கொண்டே இன்னொரு டீ சொன்னார்.