லயன் வீட்டிலிருந்து வீட்டுக்கடன் வரை

போன மாதம் அருவங்காடு பக்கத்திலிருந்து ஒரு தம்பி போன் செய்தான். நம்முடைய மாலை வகுப்பில் படித்தவன், இப்போது குன்னூரில் வேலையில் இருக்கிறான். "அக்கா, வீட்டு லோன் சாங்ஷன் ஆயிருச்சு. மாசம் எவ்வளவுன்னு பாத்துட்டேன், கட்டிரலாம்" என்றான். சந்தோஷமாக இருந்தது. எத்தனை வருஷம், வட்டி என்ன, நிலையான வட்டியா மாறும் வட்டியா என்று கேட்டேன். "அதெல்லாம் பேப்பர்ல இருக்கும்க்கா" என்றான்.

2019இல் என்னிடம் யாராவது கேட்டிருந்தால் நானும் இதைத்தான் சொல்லியிருப்பேன். சமூகவியலில் முதுகலை படித்தவள். சொத்துக்கும் வருமானத்துக்கும் உள்ள வேறுபாட்டைப் பற்றி இருபது பக்கம் எழுதி மதிப்பெண் வாங்கியவள். கடன் பத்திரத்தில் காட்டிய இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டேன்.

அம்மா 31 வருஷம் குன்னூருக்குக் கீழே ஒரு தனியார் தோட்டத்தில் கொழுந்து பறித்தவர். 58 வயதில் ஓய்வு. ஓய்வுக் கடிதத்தோடு இன்னொரு தாளும் வந்தது: லயன் வீட்டைக் காலி செய்து சாவியை ஒப்படைத்த பிறகுதான் பணிக்கொடை. பணிக்கொடைக் கணக்கு எளிது. ஒரு வருஷ வேலைக்கு 15 நாள் கூலி. முந்நூற்றுச் சொச்சம் ரூபாய் கூலிக்கு 31 வருஷத்தைப் பெருக்கினால் ஒன்றரை லட்சம்கூட நிறையவில்லை. தோட்டத் தொழிலாளர் சட்டம் 1951இலேயே வந்துவிட்டது. வேலையில் இருக்கும்வரை வீடு தர வேண்டியது முதலாளியின் கடமை. வேலை முடிந்த மறுநாள் எங்கே படுப்பது என்பது சட்டத்தின் கவலை இல்லை.

மாஞ்சோலையில் 2024இல் நடந்ததை நீங்கள் செய்தியில் பார்த்திருப்பீர்கள். குத்தகை 2028இல் முடிகிறது, விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு இறங்குங்கள் என்று நாலைந்து தலைமுறையாக வாழ்ந்தவர்களிடம் சொன்னார்கள். நீலகிரியில் அது ஊர் மொத்தமாக ஒரே நாளில் நடப்பதில்லை. ஓய்வு பெறும் ஒவ்வொரு குடும்பமாக, சத்தமில்லாமல் நடக்கிறது. அதனால் செய்தியாவதில்லை.

எங்கள் வீட்டில் இது முதல் தடவையும் இல்லை. தாத்தா கண்டிப் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்தவர். 1948இல் இலங்கைக் குடியுரிமைச் சட்டம் வந்தபோது ஒரே இரவில் நாடற்றவரானார். 1964 அக்டோபரில் சிறிமாவோவும் சாஸ்திரியும் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பங்கு போட்டார்கள். மீதி ஒன்றரை லட்சம் பேரை 1974இல் ஆளுக்குப் பாதி. இப்படிப் பிரிக்கப்பட்டவர்களில் பெரும்பாலானோர் பள்ளர், பறையர், சக்கிலியர். தாத்தாவும் அம்மாயியும் மண்டபம் முகாம் வழியாக இந்த மலைக்கு வந்தபோது அவர்கள் கையில் இருந்தது ஒரு தகரப் பெட்டி. தலைமுறை தலைமுறையாக மலையைத் தோட்டமாக்கியவர்கள், இரண்டு நாட்டிலும் ஒரு சென்ட் நிலம்கூடத் தங்கள் பெயரில் இல்லாதவர்கள்.

தாயகம் திரும்பியவர்களின் மறுவாழ்வுக்காக 1969இல் மத்திய அரசு ரெப்கோ வங்கியைத் தொடங்கியது. பர்மாவிலிருந்தும் இலங்கையிலிருந்தும் வந்தவர்களுக்கான வங்கி. அந்த வங்கி 2000இல் தொடங்கிய வீட்டுக்கடன் நிறுவனம் இன்று பங்குச் சந்தையில் இருக்கிறது. அதில் தவறு எதுவும் இல்லை. ஆனால் பெயரின் தொடக்கத்தில் உள்ள அந்த இரண்டு எழுத்தும் எங்கள் தாத்தாக்களைக் குறிப்பவை என்பது அதில் கடன் வாங்கும் எத்தனை பேருக்குத் தெரியும் என்று யோசித்திருக்கிறேன்.

கோத்தகிரி ரோட்டில் இரண்டு அறை வீடு ஒன்று விலைக்கு வந்தது. முதலில் ஓர் அரசு வங்கிக்குப் போனேன். அன்று எட்டரை சதவீதம் சொன்னார்கள். எல்லாம் பார்த்துவிட்டு, பழைய கட்டட அனுமதி வரைபடம் இல்லை, தாய்ப்பத்திரச் சங்கிலியில் ஓர் இடைவெளி இருக்கிறது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். நம் மக்களுக்கு வாங்கக் கிடைக்கும் வீடு பெரும்பாலும் அப்படித்தான் இருக்கும். பத்திரம் பளிச்சென்று இருக்கும் வீட்டின் விலை நமக்கு எட்டாது, எட்டினாலும் சாதி கேட்டுவிட்டுக் கதவைச் சாத்துவார்கள். கூடலூர்ப் பக்கம் இன்னும் மோசம். 1969ஆம் ஆண்டு ஜென்ம நில ஒழிப்புச் சட்டத்தின் 17ஆம் பிரிவில் சிக்கிய நிலங்களில் இன்றும் பட்டா கிடையாது. பட்டா இல்லை என்றால் வங்கிக் கடனும் இல்லை, கந்துவட்டிதான்.

கடைசியில் ஒரு தனியார் வீட்டுக்கடன் நிறுவனம் கொடுத்தது. 12 லட்சம், 11 சதவீதம், 15 வருஷம். மாதத் தவணை 13,639 ரூபாய். அம்மாவுக்குக் காலி செய்யக் கொடுத்த கெடு முடிய பதினேழு நாள் இருந்தது. தவணையை மட்டும் பார்த்தேன். சம்பளத்தில் கழித்துப் பார்த்தேன். சமாளிக்கலாம் என்று தோன்றியது.

அந்த 12 லட்சத்தில் 42,000 ரூபாயைக் காப்பீட்டுப் பிரீமியம் என்று எடுத்துக்கொண்டார்கள். "எல்லாருக்கும் போடறதுதான் மேடம்." அதற்கும் 15 வருஷம் வட்டி உண்டு. கூட்டினால் அந்தக் காப்பீடு மட்டும் ஏறக்குறைய 86,000 ரூபாய். வேறு இடத்தில் வருஷாவருஷம் கட்டும் காப்பீடு எடுத்திருக்கலாம், எடுக்காமலே இருந்திருக்கவும் உரிமை உண்டு. எனக்குத் தெரியாது.

இப்போது கணக்குக்கு வருகிறேன். 13,639ஐ 180 மாதத்தால் பெருக்குங்கள். 24.55 லட்சம். 12 லட்சம் ரூபாய் வீட்டுக்கு 12.55 லட்சம் வட்டி. இதே கடன் அரசு வங்கியின் எட்டரை சதவீதத்தில் கிடைத்திருந்தால் தவணை 11,817. மாதத்துக்கு 1,822 ரூபாய் குறைவு, 15 வருஷத்துக்கு 3.28 லட்சம் குறைவு. அந்த 3.28 லட்சம் எதன் விலை என்று யோசித்துப் பாருங்கள். என் திறமைக் குறைவின் விலையா? சம்பளம் அதே சம்பளம், வேலை அதே வேலை. முறையான பத்திரம் உள்ள வீட்டை வாங்க முன்பணம் தரும் அப்பாவோ, விற்க ஒரு துண்டு நிலம் வைத்துவிட்டுப் போன தாத்தாவோ இல்லாததன் விலை அது. பரம்பரைச் சொத்து இல்லாதவர், அது இல்லாததற்கும் சேர்த்து வட்டி கட்டுகிறார்.

இது நம் ஊரில் மட்டும் நடப்பதும் அல்ல. சிகாகோவின் நார்த் லாண்டேல் பகுதியில் 1950களிலும் 60களிலும் கறுப்பினத்தவருக்கு வங்கிகள் வீட்டுக்கடன் தரவில்லை. அரசின் கடன் உத்தரவாதமும் அவர்கள் வாழ்ந்த பகுதிகளுக்குக் கிடையாது. இடைத்தரகர்கள் வீட்டைக் குறைந்த விலைக்கு வாங்கி, பல மடங்கு விலைக்கு ஒப்பந்தத் தவணையில் அவர்களுக்கு விற்றார்கள். கடைசித் தவணை கட்டும்வரை பத்திரம் கைக்கு வராது, தவணை தவறினால் வீடும் போய்விடும், கட்டிய பணமும் போய்விடும். 1968இல் அந்த மக்கள் சங்கமாகத் திரண்டு தவணை கட்ட மறுத்துப் போராடினார்கள். நல்ல கடன் மறுக்கப்படுகிறவருக்குக் கெட்ட கடன் தேடி வந்து கதவைத் தட்டும்.

எனக்கு இதெல்லாம் புரிந்தது நான்கு வருஷம் கழித்து. 2023இல் வருமான வரிக்காக வட்டிச் சான்று வாங்கப் போனபோது முழுக் கணக்கு அறிக்கையையும் கேட்டேன். 2022 டிசம்பர் வரை 42 தவணை கட்டியிருந்தேன். மொத்தம் 5.73 லட்சம். அசலில் குறைந்தது 1.34 லட்சம்! ஏமாற்றிவிட்டார்கள் என்றுதான் முதலில் நினைத்தேன். ஏமாற்றவில்லை. கணக்கே அப்படித்தான். முதல் மாதம் 12 லட்சத்துக்கு 11 சதவீத வட்டி 11,000 ரூபாய். தவணையில் மீதி 2,639 ரூபாய்தான் அசலுக்குப் போகும். தவணையில் பாதி அசலுக்குப் போகத் தொடங்குவது ஒன்பதாவது வருஷத்தில்தான். அதனால்தான் முதல் சில வருஷங்களில் கூடுதலாகக் கட்டும் ஆயிரம் ரூபாய்க்கு இருக்கும் மதிப்பு கடைசி வருஷத்தில் கட்டும் ஆயிரத்துக்கு இல்லை.

அடுத்த பக்கத்தில்தான் அடி. ரிசர்வ் வங்கி 2022 மே மாதத்திலிருந்து ரெப்போ வட்டியை ஏற்றிக்கொண்டே போனது. 4 சதவீதமாக இருந்தது 2023 பிப்ரவரியில் 6.5 ஆனது. என் நிறுவனம் 2022 டிசம்பரில் என் வட்டியை 13 சதவீதமாக்கியிருந்தது. தவணை மாறவில்லை, அதனால் எனக்குத் தெரியவும் இல்லை. காலம் மாறியிருந்தது. மீதி 138 மாதம் இருக்க வேண்டிய இடத்தில் 174 என்று போட்டிருந்தது. மூன்று வருஷம் கூடுதல், 4.9 லட்சம் ரூபாய் கூடுதல். குறுஞ்செய்தி அனுப்பினோம் என்றார்கள். அனுப்பியிருக்கலாம். அன்றே சரியாகச் சொல்லியிருந்தால், மாதம் 1,276 ரூபாய் சேர்த்துக் கட்டி அந்த 36 மாதத்தைத் தவிர்த்திருப்பேன். மொத்தத்தில் 3 லட்சத்துக்கு மேல் மிஞ்சியிருக்கும்.

ரூபாயில் எழுத முடியாத செலவும் ஒன்று உண்டு. இதை எழுதலாமா வேண்டாமா என்று ரொம்ப நாள் யோசித்தேன். 2021இல் நான் வேலை பார்த்த தொண்டு நிறுவனத்தில் ஒரு களப்பணியாளரை நியாயமில்லாமல் நீக்கினார்கள். அவரும் நம்மவர். மேலதிகாரி ஒருவர் சாதியை இழுத்துப் பேசியதைக் கேள்வி கேட்டதுதான் குற்றம். ஐந்து பேர் சேர்ந்து நிர்வாகத்துக்குக் கடிதம் எழுதினார்கள். கடிதம் என் மேசைக்கு வந்தபோது தேதி 3. என் தவணை 5ஆம் தேதி. படித்துவிட்டு, "நாளைக்குப் போடறேன்" என்றேன். நாளைக்கு நான் விடுப்பு. கடிதம் ஐந்து கையெழுத்தோடு போனது. அந்த அண்ணன் இன்றும் என்னோடு நன்றாகத்தான் பேசுகிறார், அதுதான் கஷ்டமாக இருக்கிறது. அவருக்கு இந்தத் தேதிக் கணக்கு தெரியாது. இப்போது தெரிந்துவிடும்.

மூன்று மாதம் தவணை நின்றால் வாராக்கடன். அதன்பின் 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ். நீதிமன்றத்துக்கே போகாமல் வீட்டைக் கையகப்படுத்தலாம். தோட்ட நிர்வாகத்தின் காலி செய்யும் தாளைப் பார்த்து வளர்ந்தவளுக்கு இதைக் கற்பனை செய்து பார்க்க வேண்டிய தேவையே இல்லை.

அப்படியானால் கடனே வாங்கக் கூடாதா என்று கேட்கிறீர்கள். புது வீட்டுக்குப் போன அன்று அம்மா சாவியைக் கையில் வைத்துக்கொண்டு, "இதை யார்கிட்டயும் திருப்பிக் குடுக்க வேணாம்ல?" என்று கேட்டார். வேண்டாம்மா என்றேன். அந்த ஒரு பதிலுக்காக மறுபடியும் கடன் வாங்குவேன். ஆனால் அப்படி வாங்கியிருக்க மாட்டேன்.

ரூபாயின் சிக்கலைப் பற்றி 1923இல் லண்டனில் புத்தகம் வெளியிட்டவரின் பேரப்பிள்ளைகள் நாம். அவர் படத்துக்கு மாலை போடுகிறோம், வட்டி அட்டவணையைப் படிக்கப் பயப்படுகிறோம். பெரிய கணிதம் ஒன்றும் இல்லை, போனில் இருக்கும் கணக்குப் பொறி போதும். தவணையை மாதத்தால் பெருக்கிப் பாருங்கள், அதுதான் வீட்டின் விலை. மாறும் வட்டி என்றால் இரண்டு சதவீதம் ஏறினால் தாங்குமா என்றும் போட்டுப் பாருங்கள். 2024 அக்டோபர் முதல் புதிய வீட்டுக்கடன் எதற்கும் முக்கிய விவரத் தாள் தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. எல்லாக் கட்டணமும் சேர்ந்த வருடாந்தர வட்டி அதில் இருக்க வேண்டும், அதுவும் கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில். வட்டி ஏறும்போது தவணையை ஏற்றுவதா காலத்தை நீட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை 2023 ஆகஸ்டு உத்தரவிலேயே நமக்கு உண்டு. மாறும் வட்டி வீட்டுக்கடனைத் தனிநபர் முன்கூட்டியே அடைத்தால் அபராதம் கேட்கக் கூடாது. கடன் முடிந்து 30 நாளுக்குள் மூலப்பத்திரம் கைக்கு வர வேண்டும், தாமதம் அவர்கள் தவறு என்றால் நாள் ஒன்றுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும்.

ஒன்று மட்டும் கவனம். வங்கிகளின் மாறும் வட்டி வீட்டுக்கடன் 2019 அக்டோபரிலிருந்து ரெப்போ போன்ற வெளி அளவீட்டோடு கட்டப்பட்டிருக்கிறது. வீட்டுக்கடன் நிறுவனங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. 2025 பிப்ரவரிக்கும் ஜூனுக்கும் இடையில் ரெப்போ ஒரு சதவீதம் இறங்கியது. என் வட்டி தானாக இறங்கவில்லை. நானே போய் எழுதிக் கொடுத்து, அதற்கொரு கட்டணமும் கட்டிய பிறகுதான் இறங்கியது. ஏறும்போது யாரும் என்னை எழுதிக் கொடுக்கச் சொல்லவில்லை.

தம்பியிடம் இவ்வளவையும் போனில் சொல்லவில்லை. கையெழுத்துப் போட்டுவிட்டாயா என்று கேட்டேன். இன்னும் இல்லை, வெள்ளிக்கிழமை வரச் சொல்லியிருக்கிறார்கள் என்றான். எல்லாப் பக்கத்தையும் படம் எடுத்து அனுப்பு என்றேன். இரவு பத்து மணிக்கு வாட்ஸ்அப்பில் பதினான்கு பக்கம் வந்து விழுந்தது. அத்தனையும் ஆங்கிலத்தில். ஒன்பதாம் பக்கத்தில் காப்பீடு இருந்தது.

"நாளைக்குக் காலையில போய் விவரத் தாளைத் தமிழ்ல கேளு. ஒன்பதாம் பக்கத்துல கையெழுத்துப் போடாத" என்று பதில் போட்டேன். இரண்டு நீல டிக் விழுந்தது. கொஞ்ச நேரம் கழித்து, "கேட்டா லோன் கேன்சல் ஆயிடுமாக்கா?" என்று வந்தது.