அயல் குழலில் நம் மொழி

மழைக்காலத்துக் குன்னூரில் பகலுக்கும் அந்திக்கும் வேறுபாடு தெரிவதில்லை. தேயிலைச் சரிவுகளிலிருந்து எழும் மூடுபனி வாசல்வரை வந்து நிற்கும். அத்தகைய ஒரு பிற்பகலில், கனடாவிலிருந்து வந்திருந்த நம் தம்பி மகன் ஓர் இசைத்தொகுப்பை ஒலிக்கச் செய்தான். இசை பற்றி மார்க்க அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு. அவ்வாதத்தில் புகுவது நம் நோக்கமன்று. செவியுற்றது நம்முள் விளைத்ததையே கூற விழைகிறோம்.

தொகுப்பின் பெயர் ‘கின்ஸ்மென்’. உறவினர் என்பது பொருள். 2008இல் வெளிவந்தது. தலைமை தாங்கியவர் தென்னிந்தியப் பெற்றோருக்குப் பிறந்து அமெரிக்காவில் வளர்ந்த சாக்ஸபோன் கலைஞர் ருத்ரேஷ் மகந்தப்பா. உடன் ஊதியவர் கத்ரி கோபால்நாத். கன்னியாகுமரி அம்மையாரின் வயலினும், பூவாளூர் ஸ்ரீஜியின் மிருதங்கமும், கராச்சியில் பிறந்த ரெஸ் அப்பாசியின் கிதாரும் இணைந்தன. 1960இல் ஆர்னெட் கோல்மன் எண்மரைக் கூட்டி ‘ஃப்ரீ ஜாஸ்’ பதிவு செய்தார். முன்வகுத்த கட்டுகளைத் தளர்த்தி, அக்கணத்தில் தோன்றுவதை ஊதிய துணிவு அது. அத்துணிவின் சாயலும் நம் ஆலாபனையின் நிதானமும் இங்கே கைகோக்கின்றன. ஊதப்படும் கருவி ஒன்றே. பேசும் மொழிகளோ இரண்டு.

சாக்ஸபோன் பெல்ஜியத்தவரான அடோல்ஃப் சாக்ஸ் ஆக்கியது; 1846இல் காப்புரிமை பெற்றார். நாகசுரக் கலைஞரின் மகனான கோபால்நாத், மைசூர் அரண்மனை வாத்தியக் குழுவில் அதனைக் கேட்டு உள்ளம் பறிகொடுத்தார். கமகம் அக்கருவியில் எளிதில் வாராது. அதன் சாவிகளில் மாற்றம் செய்து, ஆண்டுக்கணக்கில் உழைத்து, இராகங்களைப் பேசவைத்தார். 2019இல் மறைந்தார்.

இதனை அப்பிள்ளை விளக்கியபோது நம் நெஞ்சு உறுத்தியது. ஈராண்டுக்கு முன் அவன் தன் வாப்பும்மாவுக்கு ஒரு கடிதம் எழுதியிருந்தான். சொற்கள் தமிழ், எழுத்து ஆங்கிலம். ‘தமிழெழுத்தைக் கற்றபின் எழுதுக’ என நாம் கடிந்து மறுமொழி விடுத்தோம். அதன்பின் கடிதமே இல்லை. ‘பேரன் எழுதலியா?’ என்று உம்மா கேட்கும்போதெல்லாம் நாம் வேறு பேச்சுக்குத் தாவினோம்.

அன்று மாலை உம்மா தம் பழைய கிதாபை விரித்து ஓதினார்கள். கீழக்கரையில் பிறந்த அவர்களுக்குத் தமிழெழுத்துத் தெரியாது. அறபுத்தமிழ் மட்டுமே தெரியும். பிள்ளை எட்டிப் பார்த்தான். “பெரியவாப்பா, எழுத்து அறபுதானே? வாப்பும்மா தமிழ்ல படிக்கிறாங்களே?”

நாம் வாயடைத்துப் போனோம். தமிழின் ஒலிகளுக்கென அறபு எழுத்துகளில் புள்ளிகளும் குறிகளும் கூட்டி, மார்க்கத்தை வீடுதோறும் கொண்டுசேர்த்தவர்கள் நம் முன்னோர். மாப்பிள்ளை லெப்பை ஆலிம் (1816–1898) அவ்வெழுத்திலன்றோ நூல்கள் யாத்தார்! மாணவர்க்கு இதனை முப்பதாண்டுகளாகப் பெருமையுடன் கற்பித்த நாம், நம் வீட்டுப் பிள்ளை அவ்வாறே செய்தபோது கதவடைத்தோம்.

அவன் தமிழெழுத்தைக் கற்க வேண்டுமென்ற விருப்பம் நமக்குக் குறையவில்லை. ஆயின் அதனைப் பாட்டிக்கும் பேரனுக்கும் இடையே சுவராக எழுப்பியது நம் பிழை. அவனிடம் அதை ஒப்புக்கொண்டோம்.

சென்ற மாதம் கடிதம் வந்தது. அதே ஆங்கில எழுத்துதான். நாம் வாசித்தோம். முடிந்ததும் உம்மா சொன்னார்கள்: “இன்னொரு தரம் வாசிங்க வாப்பா.”