பயற்றங்கூழின் விலை

எமது பத்தாவது வயதில், யாழ்ப்பாணத்துக் கிராமம் ஒன்றிலிருந்த மிஷன் பாடசாலையின் வேதபாட வகுப்பிலே, ஈசாக்கின் இரட்டைப் பிள்ளைகளின் கதையை முதன்முதலாகக் கேட்டோம். வேட்டைக்குப் போய்க் களைத்து வந்த மூத்தவன் ஏசா, அடுப்பிலே கொதித்துக்கொண்டிருந்த சிவந்த பயற்றங்கூழைக் கேட்டான். இளையவன் யாக்கோபு அதற்கு ஒரு விலை சொன்னான். மூத்தவனுக்குரிய பங்கே அந்த விலை. பழைய தமிழ் வேதாகமம் அதனைச் சேஷ்டபுத்திரபாகம் என்று வழங்கும். வாயில் நுழையாத அச்சொல்லைச் சொல்லிப் பார்த்துச் சைவப் பிள்ளைகளும் கிறிஸ்தவப் பிள்ளைகளுமாக வகுப்பே சிரித்தது. பாடம் முடிந்ததும், இவ்விருவருள் யாராக இருக்க விரும்புகிறீர்கள் என்று ஆசிரியர் வினவினார். அத்தனை கைகளும் யாக்கோபுக்கே உயர்ந்தன. எமது கையும் அவற்றுள் ஒன்று.

அன்று மாலை இக்கதையை அண்ணருக்குச் சொன்னோம். எட்டாம் வகுப்போடு படிப்பை விட்டுவிட்டுத் தந்தையாரோடு புகையிலைத் தோட்டத்துக்கு நீர் இறைக்கப் போனவர் அவர். இருவரையும் படிப்பிக்க வீட்டிலே வசதி இல்லை. இளையவனுக்குப் புத்தகம், மூத்தவனுக்கு மண்வெட்டி என்று யாரும் கூடியிருந்து முடிவெடுத்ததாகவும் நினைவில்லை. அஃது அவ்வாறே நடந்தது. துலாவிலிருந்து இறங்கிக் கால் கழுவிக்கொண்டிருந்தவர் கதை முழுவதையும் கேட்டுவிட்டு, "பசியோடை வந்தவனிட்டை விலை பேசினவனைத்தானோ தம்பி கடவுளுக்குப் பிடிச்சது?" என்றார். எம்மிடம் விடை இருக்கவில்லை. பிற்காலத்தில் நாமே ஆசிரியராகி, அக்கதையின் பின்னாலுள்ள வரலாற்றைத் தேடிப் படிக்கத் தொடங்கியதற்கு அந்த ஒரு கேள்வியே காரணம் எனலாம்.

ஆதியாகமம் இக்கதையை ஒரு குடும்பத்தின் கதையாக மட்டும் சொல்லவில்லை. பிள்ளைகள் கருவிலேயே மோதிக்கொள்கின்றனர். கலங்கிய தாய் ரெபெக்காளுக்கு, உன் வயிற்றிலிருப்பவை இரண்டு இனங்கள் என்றும், மூத்தது இளையதற்கு ஏவல் செய்யும் என்றும் வாக்கு வருகிறது. மூத்தவனே ஏதோம் நாட்டாரின் தந்தை. எபிரேய மொழியிலே அப்பெயர் செந்நிறத்தைச் சுட்டும் சொல்லோடு ஒலியொற்றுமை உடையது. இளையவன் யாப்போக்கு ஆற்றங்கரையில் இரவு முழுவதும் ஒருவரோடு மற்போர் புரிந்து, இஸ்ரவேல் என்னும் பெயரைப் பெறுகிறான். இன்று ஒரு தேசத்தின் கடவுச்சீட்டில் அச்சிடப்பட்டிருக்கும் பெயர், தமையனைச் சந்திக்க அஞ்சி உறங்காதிருந்த ஒருவனுக்கு விடிகாலையிலே கிடைத்த பெயராகும்.

இரு நாடுகளின் பகை உண்மையில் கருவறையிலேதான் தோன்றியதா? நிலப்படத்தை விரித்துப் பார்ப்போர்க்கு வேறொரு விடை கிடைக்கும். ஏதோம், சாக்கடலின் தெற்கே, இன்றைய ஜோர்தானின் தென்பகுதியை உள்ளடக்கிய மலைநாடு. அதன் மேற்கு விளிம்பிலுள்ள பெய்னான் பள்ளத்தாக்கிலே பண்டைக்காலத்துச் செம்புச் சுரங்கங்களும், உலைகளிலிருந்து கொட்டப்பட்ட கசட்டுக் குவியல்களும் இன்றும் கிடக்கின்றன. அரேபியாவிலிருந்து வாசனைப் பொருள்கள் வந்த பாதை அந்நாட்டினூடாகச் சென்றது. செங்கடலுக்குத் திறந்த ஏலாத் துறைமுகம் அதன் தெற்கு வாயிலில் இருந்தது. வேதாகமத்து அரச வரலாறுகளைப் படியுங்கள். தாவீது ஏதோமெங்கும் காவற்படை வைக்கிறான். அமத்சியா உப்புப் பள்ளத்தாக்கில் பதினாயிரம் பேரைக் கொன்று கோட்டையொன்றைப் பிடிக்கிறான். அவன் மகன் ஏலாத்தை மீண்டும் கட்டுகிறான்; சில தலைமுறைகளின் பின் அது மறுபடியும் கைமாறுகிறது. செம்புக்கும் பாதைக்கும் துறைமுகத்துக்குமாக நடந்த சண்டை இது. மூத்தவன் இளையவனுக்கு ஏவல் செய்வான் என்ற வாக்கு, வென்றவனின் அரண்மனையிலே எவ்வளவு இனிமையாக ஒலித்திருக்கும் என்பதை ஊகிப்பது கடினமன்று.

கி.மு. ஆறாம் நூற்றாண்டின் தொடக்கத்திலே பாபிலோனியர் எருசலேமை அழித்தனர். அவ்வேளையில் ஏதோமியர் பார்த்து மகிழ்ந்தார்கள், தப்பியோடியவர்களை வழிமறித்தார்கள் என்று ஒபதியாவின் சிறிய தீர்க்கதரிசன நூல் கொதிக்கிறது. அக்கொதிப்பின் வேகம், எதிரி அந்நியன் அல்லன், சகோதரன் என்பதிலேயே தங்கியிருக்கிறது. இன்னும் பிந்திய மல்கியாவிலே கடவுள் யாக்கோபை நேசித்து ஏசாவை வெறுத்ததாக வந்துவிடுகிறது. ஆதியாகமத்தில் அவ்வெறுப்பு இல்லை. கண் மங்கிய தந்தையை ஆட்டுக்குட்டித் தோலால் ஏமாற்றித் தம்பி ஆசியைக் கவர்ந்துகொண்டான் என்றறிந்தபோது ஏசா வாய்விட்டு அலறியதையும், தந்தையே, உம்மிடம் இருப்பது ஒரேயொரு ஆசிதானா என்று அவன் கேட்டதையும் அக்கதையை எழுதியவர் மறைக்கவில்லை. உபாகமமோ, ஏதோமியனை அருவருக்கலாகாது, அவன் உன் சகோதரன் என்று சட்டமே விதிக்கின்றது. ஒரே நூற்றொகுதிக்குள் இவையெல்லாம் அருகருகே கிடக்கின்றன. எதனை எடுத்து உரக்கப் படிப்பது என்பது படிப்போரின் தேவையைப் பொறுத்தது.

பின்பு வரலாறு ஒரு விசித்திரமான திருப்பத்தை எடுத்தது. நாடிழந்த ஏதோமியர் வடமேற்கே நகர்ந்து, யூதேயாவின் தென்பகுதியிலே, எபிரோனைச் சூழக் குடியேறினர். கி.மு. இரண்டாம் நூற்றாண்டின் இறுதியில் யூத ஆட்சியாளனாகிய யோவான் இர்க்கான் அப்பகுதியை வென்று, விருத்தசேதனம் செய்து யூத நெறியை ஏற்றுக்கொள்ளுங்கள், அன்றேல் வெளியேறுங்கள் என்றான் என யோசேப்பு என்ற வரலாற்றாசிரியர் எழுதுகிறார். ஏசாவின் மக்கள் யாக்கோபின் வீட்டுக்குள் வந்துவிட்டனர். அவ்வழி வந்த ஒருவனே ஏரோது, கி.மு. 37 முதல் 4 வரை யூதேயாவை ஆண்டவன். எருசலேம் ஆலயத்தைப் பெருப்பித்துக் கட்டியவன். எபிரோனிலே ஆபிரகாமும் ஈசாக்கும் யாக்கோபும் அடக்கம் செய்யப்பட்டதாக நம்பப்படும் மக்பேலா குகையைச் சூழ்ந்து நிற்கும் பெருங்கல் மதிலும் அவன் காலத்ததே என்பது ஆய்வாளர் பொதுவாகக் கொள்ளும் முடிவு. யாக்கோபின் கல்லறைக்கு மதில் கட்டியவன் ஏசாவின் வழித்தோன்றல்!

ஏதோம் என்று ஓர் இனம் இல்லாதொழிந்த பின்னரும் அப்பெயர் ஓய்வு பெறவில்லை. கி.பி. 70இல் றோமர் ஆலயத்தை எரித்தனர். 132 முதல் 135 வரை நடந்த பார் கொக்பாவின் கிளர்ச்சியை இரத்தத்தில் ஆழ்த்தினர். யூத ஆசிரியர்கள் றோமாபுரிக்கு ஏதோம் என்று பெயரிட்டனர். வெளிப்படையாகப் பேச முடியாத அடக்கப்பட்ட மக்களுக்கு இத்தகைய மறைபெயர் வேண்டியிருந்தது என்பதை நாம் மறக்கலாகாது. றோமப் பேரரசு கிறிஸ்தவத்தைத் தழுவியபோது, மறைபெயரும் கிறிஸ்தவ உலகின் மேல் தானாகவே படிந்தது. 1492இல் யூதர் ஸ்பெயினிலிருந்து துரத்தப்பட்ட பின்னர், அவர்களோடு வெளியேறிய அபர்பனேல் போன்ற அறிஞர்களின் உரைகளிலும் ஏதோம் என்றால் கிறிஸ்தவ ஐரோப்பாவே.

வேடிக்கை யாதெனில், வேலியின் மறுபுறத்திலும் இதே கதை, பாத்திரங்கள் இடம்மாறி, படிக்கப்பட்டுக்கொண்டிருந்தது. பவுல் றோமருக்கு எழுதிய நிருபத்திலே ஏசா யாக்கோபு கதையைக் கடவுளின் தெரிவுக்கு எடுத்துக்காட்டாக ஆண்டிருந்தார். ஐந்தாம் நூற்றாண்டில் ஒகுஸ்தீனார் அதனைத் தெளிவாகவே விரித்தார். மூத்தவர் யூதர், இளையவர் கிறிஸ்தவர். மூத்தவர் இளையவருக்கு ஏவல் செய்ய வேண்டும். வேதாந்தப் பேச்சாக மட்டும் இது நின்றுவிடவில்லை. 1215இல் கூடிய நான்காம் லாத்தரன் சங்கம், யூதர் தம்மை இனங்காட்டும் உடை அணிய வேண்டும் என்று விதித்தது. 1290இல் இங்கிலாந்து அவர்களை நாட்டைவிட்டே வெளியேற்றியது. இச்செயல்களுக்கெல்லாம் கடனும் வரியும் அரசர்களின் காலிப் பெட்டியும் காரணங்களாயிருந்தன. ஆயின் மனச்சாட்சி உறுத்தாமல் அவற்றைச் செய்யத் துணைநின்றது கதை. யூதரைக் கடவுளாற் சபிக்கப்பட்டோராகக் காட்டலாகாது என்று கத்தோலிக்கத் திருச்சபை முறையாக அறிவிக்க 1965ஆம் ஆண்டுவரை, ஐரோப்பிய யூதருள் அறுபது லட்சம் பேர் நாசிகளால் கொல்லப்பட்டு இருபது ஆண்டுகள் கழியும்வரை, காத்திருக்க வேண்டியிருந்தது.

ஆக, ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளாக இரு சமயத்தாரும் ஒரே நூலைத் திறந்து வைத்துக்கொண்டு, நாமே யாக்கோபு, அதோ நிற்பவன் ஏசா என்று ஒருவரையொருவர் சுட்டிக்கொண்டிருந்தனர். எமது வகுப்பறையிலே உயர்ந்த கைகள் நினைவுக்கு வருகின்றன. ஏசாவாக இருக்க ஒருவரும் உடன்படவில்லை.

எமது வேதபாட ஆசிரியர் கதையை ஆசி கவர்ந்த இடத்தோடு நிறுத்திவிட்டார். பரீட்சைக்கு அவ்வளவுதான் போலும். முப்பத்துமூன்றாம் அதிகாரத்தை நாம் படித்தது பல ஆண்டுகள் கழித்தே. இருபது ஆண்டுகள் மாமன் வீட்டில் உழைத்துச் செல்வனான யாக்கோபு திரும்பி வருகிறான். தமையன் நானூறு பேரோடு எதிரே வருகிறான் என்ற செய்தி கேட்டு நடுங்குகிறான். ஆட்டு மந்தைகளையும் ஒட்டகங்களையும் காணிக்கையாக முன்னே அனுப்புகிறான். ஏழு முறை தரையில் விழுகிறான். ஏசா ஓடி வருகிறான். கட்டிக்கொண்டு, முத்தமிட்டு, இருவரும் அழுகின்றனர். என்னிடம் போதியது உண்டு, தம்பி, உன்னுடையது உன்னிடமே இருக்கட்டும் என்கிறான் மூத்தவன். யாக்கோபு வற்புறுத்துகிறான். அவ்விடத்திலே காணிக்கையைக் குறிக்க அவன் வாயில் வரும் எபிரேயச் சொல், முன்பு அவன் களவாடிய ஆசியைக் குறித்த அதே சொல்லாகும். எடுத்ததைத் திருப்பிக் கொடுக்க முயல்கிறான் போலும்.

இவ்விடத்தைப் படித்தபோது நூலை மூடிவைத்துவிட்டோம். தந்தையார் காலமான பின்பு தோட்டத்தைப் பிரித்து உறுதி எழுதிய நாளிலே, நாம் சரிபாதி கேட்டுப் பெற்றிருந்தோம். சட்டப்படி அதிற் பிழையில்லை. எமது பல்கலைக்கழகப் படிப்பு எந்தத் தோட்டத்துப் புகையிலையில் விளைந்தது என்பதை நொத்தாரிசு கேட்கவில்லை, நாமும் சொல்லவில்லை. அண்ணர் தமது கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, காட்டிய இடத்திலே கையெழுத்திட்டார். திரும்பும் வழியில் எமது பையையும் அவரே தூக்கிக்கொண்டு நடந்தார். அவர் இன்றில்லை.

அந்த முத்தத்துக்கும் ஒரு வரலாறு உண்டு. யூதரின் தோராச் சுருளிலே, முத்தமிட்டான் என்று பொருள்படும் சொல்லின் ஒவ்வோர் எழுத்தின் மேலும் ஒரு புள்ளி இடப்பட்டிருக்கிறது. ஏன் என்பது பற்றிப் பழைய உரையாசிரியர்களுக்குள்ளே பிணக்கு. ஏசா முத்தமிட வரவில்லை, கழுத்தைக் கடிக்க வந்தான். கழுத்துப் பளிங்காக மாறிவிட்டது என்றனர் ஒரு சாரார். றோமரால் வேட்டையாடப்பட்டு ஒளிந்து வாழ்ந்ததாகச் சொல்லப்படும் சிமியோன் பார் யோகாய் என்ற ஆசிரியரோ, ஏசாவின் பகை நிலையானதே, ஆயினும் அவ்வேளை அவன் உள்ளம் கனிந்து மனமார முத்தமிட்டான் என்றார். சங்கிலியிற் கிடப்போர் சங்கிலி பூட்டியவனின் முத்தத்தை நம்ப முடியாமற் போனதை நாம் குறைகூற மாட்டோம். ஆயின் சங்கிலி கைமாறிய பின்னரும் அந்த உரைகள் அப்படியே ஓதப்படுகின்றனவே!

ஏசாவின் பேரன் ஒருவனுடைய பெயர் அமலேக்கு. அவன் வழியினரின் நினைவே பூமியில் இல்லாதவாறு துடைத்தழிக்குமாறு உபாகமம் கட்டளையிடும். கைக்குழந்தைகளையும் விடாது கொல்லுமாறு சவுல் மன்னனுக்கு ஆணை பிறந்ததாகச் சாமுவேலின் நூல் சொல்லும். 2023 ஒக்ரோபர் 7ஆம் திகதி ஹமாஸ் இயக்கத்தினர் இஸ்ரேலுக்குள் புகுந்து ஏறத்தாழ ஆயிரத்திருநூறு பேரைக் கொன்றனர். அம்மாத இறுதியில் காசாவுக்குள் தரைப்படையை அனுப்பியபோது, அமலேக்கு உனக்குச் செய்ததை நினைவிற்கொள் என்னும் கட்டளையைப் பிரதமர் நெத்தன்யாகு நாட்டு மக்களுக்கு நினைவூட்டினார். ஹமாசையே அவர் கருதினார் என்று அவரது அலுவலகம் பின்பு விளக்கம் கூறியது. டிசம்பரிலே தென்னாபிரிக்கா சர்வதேச நீதிமன்றத்துக்குச் சென்றபோது, அதன் மனுவிலே அவ்வாசகமும் ஒரு சான்றாக இடம்பெற்றது. காசாவிலே அதன்பின் கொல்லப்பட்டோர் பல்லாயிரம். குழந்தைகளும் அவர்களுள் பெருந்தொகையினர். அங்கு நடப்பது நிலத்துக்கும் நீருக்கும் எல்லைக்குமான போராட்டம் என்பதை அறியாதவர் யார்? எனினும் படைவீரனின் காதில் நிலம், நீர் என்று ஓதுவதிலும் அமலேக்கு என்று ஓதுவது எளிது.

எபிரோனின் மதில் இன்றும் நிற்கிறது. முஸ்லிம்களுக்கு அது இப்ராஹீம் நபியின் பள்ளிவாசல். பதின்மூன்றாம் நூற்றாண்டு தொடங்கி 1967 வரை யூதர் வெளிப்படியின் ஏழாம் படிக்கு மேல் ஏறத் தடை இருந்தது. 1929இல் அந்நகரிலே அறுபத்தேழு யூதர் கொல்லப்பட்டனர். வேறு பலரை அரபு அயலவர்கள் தம் வீடுகளில் மறைத்துக் காத்தனர். 1994 பெப்ரவரி 25ஆம் திகதி, ரமழான் மாதத்து வெள்ளிக்கிழமை வைகறைத் தொழுகையிலே, யூதக் குடியேறி ஒருவன் இருபத்தொன்பது பேரைச் சுட்டுக் கொன்றான். அதன்பின் கட்டடம் இரண்டாகப் பிரிக்கப்பட்டது. ஈசாக்கின் நினைவுமாடம் முஸ்லிம்களின் பகுதியிலும் யாக்கோபின் நினைவுமாடம் யூதர்களின் பகுதியிலும் இருக்கின்றன. வாயில்கள் வெவ்வேறு, இருபுறமும் இராணுவச் சோதனை. ஆண்டிலே பத்து நாள்கள் முழுக் கட்டடமும் ஒரு சாராருக்கு, வேறு பத்து நாள்கள் மறுசாராருக்கு.

ஆபிரகாம் இறந்தபோது அவரை அக்குகையில் அடக்கம் செய்தவர்கள், துரத்தப்பட்ட இஸ்மவேலும் வீட்டிலிருந்த ஈசாக்கும் ஆகிய இருவரும் என்கிறது ஆதியாகமம். ஈசாக்கு இறந்தபோது அடக்கம் செய்தவர்கள் ஏசாவும் யாக்கோபும். மூத்தவனின் பெயரே முதலில் எழுதப்பட்டிருக்கிறது. ஏசாவுக்கு அக்குகையில் இடமில்லை. எபிரோனுக்கு வடகிழக்கே சில கிலோமீற்றர் தொலைவில், சஈர் என்னும் பலஸ்தீனக் கிராமத்திலே அவனுடையதென்று ஒரு கல்லறையைக் காட்டுகிறார்கள். அல்-ஈஸ் என்று ஊரார் அவனை அழைக்கின்றனர்.