ஆட மறுத்த ஆட்டக்காரர்



உங்கள் வயதில் நானும் எங்கள் ஊர்த் திடலில் மாலைதோறும் கிரிக்கெட் ஆடினேன். வேலியோரம் ஒரு சிறுவன் நின்று பார்ப்பான். எல்லை தாண்டி ஓடிவரும் பந்தை எடுத்து எறிவான். ஆயினும், அவனை ஒருநாளும் ஆட்டத்தில் சேர்த்ததில்லை. அவன் குடியிருந்த தெருவே அதற்குக் காரணம். அது தவறென்று நான் அறிவேன். பேசினால் அணியில் என் இடம் போய்விடுமோ என அஞ்சி வாய் திறவாதிருந்தேன்.

பல ஆண்டுகள் கழித்து டேவிட் ஷெப்பர்டின் வாழ்க்கையைப் படித்தபோது அச்சிறுவனின் முகம் நினைவில் எழுந்தது.

ஷெப்பர்டு 1929ஆம் ஆண்டு இங்கிலாந்தில் பிறந்தவர். கேம்பிரிட்ஜில் பயிலும்போதே சிறந்த மட்டையாளர் எனப் பெயர் பெற்றார். 1952இல் ஓவல் திடலில் இந்திய அணிக்கு எதிராக 119 ஓட்டங்கள் குவித்தார். 1954இல் இரண்டு டெஸ்ட் போட்டிகளில் இங்கிலாந்து அணியின் தலைவராக விளங்கினார். மறு ஆண்டே ஆங்கிலிக்கன் திருச்சபையில் திருப்பணி ஏற்றார். பின்னர், லண்டனின் கானிங் டவுன் பகுதியில் உழைக்கும் மக்களிடையே தொண்டாற்றினார்.

1960இல் தென்னாப்பிரிக்க அணி இங்கிலாந்துக்கு வந்தது. அந்நாட்டில், எத்துணைத் திறமை இருப்பினும், வெள்ளையர் அல்லாதார் அன்று நாட்டு அணியில் இடம்பெற இயலவில்லை. அத்தகைய அணியோடு ஆடமாட்டேன் என ஷெப்பர்டு வெளிப்படையாக மறுத்தார். தம் இடம் என்னாகும் என்று அவர் கணக்குப் பார்க்கவில்லை.

1962இல் ஆஸ்திரேலியா சென்ற இங்கிலாந்து அணியில் அவர் மீண்டும் இடம்பெற்றார். அப்பயணத்தில் கைக்கு வந்த பந்துகளை நழுவவிட்டார். மெல்போர்ன் டெஸ்டின் முதல் இன்னிங்சில் ஓட்டமின்றி வெளியேறினார். மனம் தளராமல் இரண்டாம் இன்னிங்சில் 113 ஓட்டங்கள் எடுத்து, வெற்றிக்குத் துணைநின்றார்.

1975 முதல் 1997 வரை லிவர்பூல் நகரின் ஆயராகப் பணியாற்றினார். அங்குக் கத்தோலிக்கப் பேராயர் டெரிக் வொர்லாக்குடன் கைகோத்து, இரு சபையாரிடையே நிலவிய பழம்பகையைத் தணிக்கப் பாடுபட்டார். 2005இல் மறைந்தார்.

மாணவர்களே! பெற்றோரின் பணி நிமித்தம் ஊர்விட்டு ஊர் வந்தவர்கள் நீங்கள். புதிய பள்ளியில் வேலியோரம் நிற்கும் வேதனையை உங்களுள் சிலர் அறிந்திருப்பீர்கள். நாளை உங்கள் அணிக்கு ஆள் சேர்க்கும்போது வேலியோரம் ஒருமுறை திரும்பிப் பாருங்கள். அங்கு நிற்பவரின் பெயரைக் கேளுங்கள்.

அந்தச் சிறுவனின் பெயரை நான் இன்றளவும் அறியேன். ஒருநாளும் கேட்கவில்லை.