அறுபது வருஷத்துக் குளம்

காக்கிநாடா போகிறவர்கள் காஜா வாங்குவார்கள். நான் காஜா பொட்டலத்தோடு சர்ப்பவரத்துக்கும் போனேன். ஊரை ஒட்டியே இருக்கிறது. பாவநாராயண ஸ்வாமி கோயில். அங்கே நாரத குண்டம் என்று ஒரு குளம்.

'மாயையா, எங்கிட்டயா?' என்று ஜம்பமடித்த நாரதர் இதில் முங்கினாராம். எழுந்தது ஒரு பெண்! பிட்டாபுரத்து ராஜாவுக்குக் கழுத்தை நீட்டி, அறுபது பிள்ளை பெற்று, யுத்தத்தில் அத்தனையையும் வாரிக்கொடுத்து, அழுதபடி இன்னொரு குளத்தில் முங்கினால்... பழைய நாரதர்! அந்தப் பிள்ளைகள்தான் பிரபவ முதல் அட்சய வரை, நம்ம பஞ்சாங்கத்து அறுபது வருஷமும். ஸ்தல புராணம் இப்படி.

பி.காம். புத்தி சும்மா இருக்குமா? படிக்கட்டில் உட்கார்ந்து கணக்குப் போட்டேன். மூத்த பிள்ளை பிரபவ கடைசியாக வந்தது 1987-ல். நான் பிறந்ததும் அப்போதான். இனி 2047-ல்தான் தலைகாட்டுவான். அப்பா 1952, நந்தன. அடுத்த நந்தன 2012 சித்திரையில் பிறக்க இருந்தது. மணிவிழாவுக்கு மண்டபம்கூடப் பார்த்தாச்சு. பங்குனியிலேயே கிளம்பிவிட்டார். ஒரு மாசம் பொறுத்திருக்கக் கூடாதா மனுஷன்?

"ஸ்நானம் செய்யரா, பாபூ?" என்றார் பூக்காரம்மா.

காலை மட்டும் நனைத்துக்கொண்டேன். ஒரு முங்கு போட்டுவிட்டு அறுபது பிள்ளைக்கு ஸ்கூல் ஃபீஸ் கட்ட நமக்கேது வசதி, ஸார்!