நீத்துப்பெட்டிக்கு என்ன விலை?

பனையோலைப் பொருட்களை விற்கும் சிறுதொழில் ஒன்றைத் தொடங்கும் எண்ணம் எனக்கு உண்டு. கடை, பெயர்ப்பலகை எல்லாம் பிறகு பார்க்கலாம், இழைக்கிறவர்களை முதலில் பார்ப்போம் என்றுதான் யாழ்ப்பாணத்துக் கோப்பாய்க்குப் போனேன். கைதடி வீதியில் கிழக்கே திரும்பினால் செம்மண் தோட்டங்கள் குறைந்து, கைதடிப் பாலத்தை நெருங்க நெருங்கத் தரவையும் பனைகளும் தெரியும். அந்தப் பக்கத்து வீடொன்றின் விறாந்தையில் இரண்டு பெண்கள் இருந்து பெட்டி இழைத்துக்கொண்டிருந்தார்கள்.

"நேரத்தோட வந்தது நல்லது பிள்ளை. வெயில் ஏறினால் ஓலை முறியும்" என்றார் மூத்தவர். காலைக் குளிர்ச்சியில் ஓலை பதமாக இருக்கும். நுட்பமான வேலையெல்லாம் அப்போதும் பொழுதுபட்ட பிறகும்தான். நடுப்பகலில் ஓலையை ஈரத்துணியில் சுற்றி வைத்துவிடுகிறார்கள். விரியாத சார்வோலையைக் காயவைத்து, ஈர்க்கு நீக்கி, சின்னக் கத்தியால் வார்கிறார்கள். அளவுகோல் கிடையாது, நகத்தால் கீறி அகலம் பிடிக்கிறார்கள். வார்ந்த ஓலைகளை அடுக்கிப் பார்த்தேன், ஒன்றுக்கொன்று வித்தியாசம் தெரியவில்லை. பெட்டியின் மூலையை மடக்கும் இடம் வந்ததும் மூத்தவர் பேச்சை நிறுத்திவிட்டார். அங்கே ஓர் ஓலை தளர்ந்தாலும் மூடி பொருந்தாது.

விலையைக் கேட்டபோதுதான் எனக்கு மனம் பொறுக்கவில்லை. ஓலைக் காசையும் சாயக் காசையும் கூட்டி, மேலே கொஞ்சம் வைத்துச் சொன்னார்.

"வேலைக்கூலி எங்கை அக்கா?"

"வீட்டில சும்மா இருக்கிற நேரத்தில தானே இழைக்கிறம்."

விடியுமுன் எழும்பி முற்றம் கூட்டி, பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பி, இடையில் இழைக்கிற நேரம் சும்மா இருக்கிற நேரமா? ஒரு கொப்பியை எடுத்தோம். சார்வு வெட்டுபவருக்குக் கொடுக்கும் கூலி, காயப்போட்டு எடுக்கும் நேரம், வார்கிற நேரம், சாயம் காய்ச்சும் விறகு, இழைப்பு, வீணாகும் ஓலை, பஸ் காசு என்று எழுதிக் கூட்டினோம். வந்த தொகையைப் பார்த்துவிட்டு இளையவர் கேட்டார்: "இந்த விலைக்கு ஆர் வாங்குவினம்?"

வாங்குகிறவர்கள் இருக்கிறார்கள். ரொறன்ரோவிலும் லண்டனிலும் புட்டு அவிக்கும் எங்கள் வீடுகளுக்கு நீத்துப்பெட்டி வேண்டும். அழகுக்கு வைக்கும் பொருளை ஒருமுறை வாங்குவார்கள். அடுப்படியில் பாவிக்கும் பொருள் தேய்ந்து பழுதாகும், திரும்ப வாங்குவார்கள். ஆகவே தொடங்குகிறவர் நீத்துப்பெட்டியிலும் சுளகிலும் தொடங்க வேண்டும் என்பது என் முடிவு. திருமண வீட்டுப் பலகாரப் பெட்டி அதற்கு அடுத்தது. 2017இல் பொலித்தீன் லஞ்ச் ஷீற்றுக்கும் ரெஜிபோம் பெட்டிக்கும் இலங்கையில் தடை வந்தது. ஓலைப்பெட்டிக்கு இடம் அப்போதே வந்துவிட்டது.

பொதி செய்வதற்குப் பாடம் எங்கள் ஊரிலேயே இருக்கிறது. கருப்பணியைக் காய்ச்சிய பாகைக் குட்டானில் ஊற்றிவிடுகிறார்கள். உள்ளே இருப்பதைக் காணுமுன்னே அந்தச் சின்ன ஓலைக்கூட்டைக் கண்டு பனங்கட்டி என்று யாழ்ப்பாணத்தவர் சொல்லிவிடுவார். இதைவிட நல்ல விளம்பரத்தைக் காசு கொடுத்து வாங்க முடியாது.

விளம்பரம் என்றதும் மில்க்வைற் கனகராசாவின் நினைவு வருகிறது. யாழ்ப்பாணத்தில் சவர்க்காரம் செய்து விற்றவர். 'மில்க்வைற் செய்தி' என்ற சஞ்சிகையையும் வெளியிட்டார், பனை நடும்படி மக்களிடம் ஓயாமல் சொன்னார். அவருடைய சவர்க்காரத்தின் பெயர் பனையோடு சேர்ந்தே வீடுகளுக்குள் போனது. பொருளோடு ஊருக்கு வேண்டிய ஒரு காரியத்தையும் எடுத்துச் சென்றவரை ஊர் மறப்பதில்லை.

பாலத்துக்கு அப்பால் கைதடியில் பனை ஆராய்ச்சி நிறுவனம் இருக்கிறது. 1978இல் அமைந்த பனை அபிவிருத்திச் சபையின் 'கற்பகம்' விற்பனை நிலையத்தையும் புதியவர்கள் பார்க்க வேண்டும்: எது அலமாரியில் தூசு பிடிக்கிறது, எதை ஆட்கள் கையில் எடுத்துப் பார்க்கிறார்கள் என்று நின்று கவனியுங்கள். நல்லூர்த் திருவிழாவில் வரும் கூட்டம் வேறு, யாழ்ப்பாணத்தில் நடக்கும் வர்த்தகக் கண்காட்சிக்கு வருகிறவர்கள் வேறு. முதலாமவர் வீட்டுக்கு ஒன்று வாங்குவார், இரண்டாமவர் மொத்த விலை கேட்பார். இருவருக்கும் ஒரே விலை சொல்லக் கூடாது.

மாரி மழையை மறந்து ஓடர் எடுக்கவும் கூடாது. ஈரம் முழுதாகப் போகாத ஓலை பொதிக்குள்ளேயே பூஞ்சணம் பிடிக்கும். வெயில் காலத்திலேயே ஓலையைக் காயவைத்துச் சேமிக்க வேண்டும். அதற்கு இழைக்கிறவரிடம் முன்கூட்டியே காசு இருக்க வேண்டும். பெரிய ஓடருக்கு மாதிரிப் பெட்டி ஒன்றை ஒப்புக்கொண்டு, அதே அளவில் கட்டை ஒன்றும் செய்து கொடுத்தால் மூடிகள் மாறிப்போகாது. பாவிக்கும் முறையைச் சின்னத் துண்டில் எழுதி உள்ளே வையுங்கள்: அவித்த பின் கழுவி, நிழலில் தொங்கவிட்டுக் காயவைக்க வேண்டும் என்பது வெளிநாட்டில் பிறந்த பிள்ளைக்குத் தெரியாது.

போர்க்காலத்தில் பதுங்குகுழிகளுக்கும் காவலரண்களுக்கும் பனைகள் ஏராளமாகத் தறிக்கப்பட்டன. ஏறிச் சார்வு வெட்டுகிறவர்களும் குறைந்துவிட்டார்கள். ஓலை கிடைத்தால்தான் இழைப்பு. இழைப்பவருக்குக் கூலி கிடைத்தால்தான் அவருடைய மகள் அருகில் உட்கார்ந்து பழகுவாள். இந்தத் தொழிலில் இறங்க நினைக்கும் தம்பி, தங்கச்சிமாரிடம் கேட்பது இதுதான்: முதல் ஓடரோடு முன்பணம் கொடுங்கள், கொப்பியில் கூலிக்கு ஒரு வரி ஒதுக்குங்கள், அந்த வரியில் பேரம் பேசாதீர்கள்.