மாயக்கதையும் மார்கழி வெள்ளமும்

பிள்ளைகள் விரும்பிப் படிக்கும் மாயக்கதைகளில் சூனியக்காரன் ஒரு சொல்லை உச்சரிப்பான். கடல் எழும், நகரம் மூழ்கும். பழி யார்மீது என்பதில் ஐயமே இராது. 2023 டிசம்பரில் நம் தாமிரபரணிக் கரை மூழ்கியபோதும் சிலர் அப்படியொரு கதையைத்தான் தேடினர். காயல்பட்டினத்தில் ஒரே நாளில் ஏறத்தாழ 95 சென்டிமீட்டர் மழை. தூத்துக்குடி மாவட்டத்தின் ஓராண்டுச் சராசரியையே மிஞ்சிய அளவு. குளங்கள் உடைந்தன. திருச்செந்தூரிலிருந்து சென்னைக்குப் புறப்பட்ட ரயில் ஸ்ரீவைகுண்டத்தில் நூற்றுக்கணக்கான பயணிகளுடன் நின்றுபோனது. அந்த நேரத்தில், "அவ்வூரார் செய்த பாவத்தின் தண்டனை" என்று என் காதுபடவே ஒருவர் சொன்னார். நாவு எப்படித்தான் எழுந்ததோ!

நீரில் மூழ்கி இறந்தவரை ஷஹீதுகளில் ஒருவராக அல்லவா அண்ணல் நபி (ஸல்) அவர்கள் எண்ணினார்கள்? மதீனாவில் மழை நாள்கணக்கில் ஓயாதபோது, ஜும்ஆ குத்பாவின் நடுவே ஒருவர் எழுந்து, வீடுகள் இடிகின்றன என முறையிட்டார். யார் செய்த பாவம் என்று நபியவர்கள் விசாரிக்கவில்லை. கையேந்தி, மழை எங்களைச் சுற்றிலும் பொழியட்டும், எங்கள்மேல் வேண்டாம் என்று துஆச் செய்தார்கள். குன்றுகளையும் ஓடைகளையும் மரங்கள் முளைக்கும் இடங்களையும்கூட அந்தத் துஆவில் குறிப்பிட்டார்கள்.

செய்துங்கநல்லூர்ப் பள்ளிவாசலில் அந்நாட்களில் வீடிழந்த இந்துக் குடும்பங்கள் தங்கியிருந்தன. ஜமாஅத்தினர் அவர்களுக்கு உணவளித்தனர்.